பூட்டைத் திறக்குமுன்... (ஆண்ட்ராய்டு போனின் உள் காவல் பற்றி ஓர் அனுபவக் கட்டுரை)

(மூன்றாம் ஆண்டு, ஈ.ஸி.ஈ. பிரிவு)

நம் ஹாஸ்டலில் ராத்திரி பதினொரு மணிக்கு மேல் கதவைத் தட்டுகிறவன் இரண்டு காரணத்துக்காகத்தான் தட்டுவான். ஒன்று, மறுநாள் லேப் ரெக்கார்டு. இன்னொன்று, "மச்சான், லோகோவோட நிக்குதுடா, மேல போக மாட்டேங்குது!" இரண்டாவது வகை ஆசாமிகள் என் ரூமுக்குத்தான் வருகிறார்கள். ஏனென்றால் அந்த லோகோவை நான் அவர்களுக்கு முன்பே நிறைய பார்த்தவன். என் சொந்தப் போனில் பார்த்தவன்.

போனின் சாப்ட்வேரை மாற்ற ஆசைப்படுகிறவன் முதலில் செய்வது, அதற்குள் கம்பெனி வைத்திருக்கும் காவலை விலக்குவது. இதற்கு வீடியோக்கள் ஆயிரம் இருக்கின்றன. "இதை அழுத்து, அதை டைப் பண்ணு, முடிந்தது" என்பார்கள். அந்தக் காவல் எதற்காக அங்கே நிற்கிறது, அதை விலக்கினால் கூடவே எதெல்லாம் விலகிப் போகும் என்பதை முக்கால்வாசிப் பேர் சொல்வதில்லை. மலர்க்குழுவினர் "டெக்னிக்கலா ஏதாவது எழுதிக் கொடு" என்று கேட்டபோது, இதையே எழுதலாம் என்று தோன்றியது.

கதை எங்கள் மாமாவிடமிருந்து ஆரம்பிக்கிறது. தேரடி வீதிக்குப் பின்னால் ஒரு சந்தில் செல்போன் சர்வீஸ் கடை வைத்திருக்கிறார். 2011-ல் அவர் கடைக்கு வந்த ஆண்ட்ராய்டு போன்களில் பெரிய புகார் என்ன தெரியுமா? டிஸ்ப்ளே இல்லை, பேட்டரி இல்லை. "தமிழ் வரல, கட்டம் கட்டமா வருது" என்பதுதான்! ஆமாம், அப்போதைய 2.2, 2.3 வெர்ஷன் போன்கள் பலவற்றில் தமிழ் எழுத்துருவே கிடையாது. தமிழில் எஸ்.எம்.எஸ். வந்தால் வரிசையாகச் சின்னச் சின்னப் பெட்டிகள். ஓப்பரா மினி பிரவுசரில் மட்டும் ஒரு செட்டிங்கை மாற்றினால், எழுத்துக்களைப் படமாக்கி அனுப்பும்; அதில் தினசரி படிக்கலாம். மற்றபடி பெட்டிதான்.

மாமா அதற்கு ஒரு வைத்தியம் கண்டுபிடித்தார். போனை 'ரூட்' செய்வார். அதாவது லினக்ஸில் எல்லா அதிகாரமும் உள்ள ரூட் பயனராக உள்ளே போவது. சிஸ்டம் பகுதியில் ஃபாண்ட்ஸ் என்ற அறையில் 'ட்ராய்டு சான்ஸ் ஃபால்பேக்' என்று ஒரு எழுத்துருக் கோப்பு இருக்கும். அதை எடுத்துவிட்டு, அதே பெயரில் தமிழ் எழுத்துக்களும் உள்ள கோப்பு ஒன்றை வைப்பார். போனை அணைத்துப் போட்டால் தமிழ் வந்துவிடும்! ஆனால் அரைகுறைத் தமிழ். 'கெ' என்று வர வேண்டிய இடத்தில் கொம்பு பின்னால் போய் ஒட்டிக்கொண்டிருக்கும். காரணம் இருக்கிறது. யூனிகோடில் முதலில் 'க', அதற்குப் பிறகு கொம்பு என்ற வரிசையில்தான் சேமிப்பார்கள். கொம்பைத் தூக்கி முன்னால் வைப்பது திரையில் எழுத்தை வடிவமைக்கும் புரோகிராமின் வேலை. அந்தப் புரோகிராம் அன்றைய போன்களில் தமிழுக்கு வேலை செய்யவில்லை. எழுத்துருவை மட்டும் மாற்றினால் எழுத்து வரும், இலக்கணம் வராது! ஆனாலும் ஜனங்கள் சந்தோஷமாக வாங்கிப் போனார்கள். பெட்டிக்கு அது எவ்வளவோ மேல்.

இந்தக் கதையை ஏன் சொல்கிறேன் என்றால், அன்று மாமா செய்தது ஒரே ஒரு கோப்பை மாற்றியதுதான். அதே வேலையை இன்றைய போனில் அதே மாதிரி செய்து பாருங்கள். போன் எழுந்திருக்காது. நடுவில் இந்தப் பதினைந்து வருடத்தில் என்ன நடந்தது?

கோபுர வாசல்கள்

நம் ஊர்க் கோயிலுக்குக் கிழக்கே இருந்து போனால் முதலில் ராஜகோபுரம், அப்புறம் வல்லாள மகாராஜா கோபுரம், அப்புறம் கிளி கோபுரம், அதையும் தாண்டித்தான் சன்னதி. தீபத்தன்று பாஸ் வைத்துக்கொண்டு போயிருக்கிறீர்களா? ஒவ்வொரு வாசலிலும் நிறுத்திப் பார்ப்பார்கள். முதல் வாசலில் ஒருவன் ஏமாற்றிவிட்டான் என்றால், அடுத்த வாசலில் "அங்கேயே பார்த்துட்டாங்க சார்" என்று சொல்லித் தப்பிவிடலாம். ஆகவே முதல் வாசல்தான் முக்கியம்.

போனும் இப்படித்தான் எழுகிறது. பவர் பட்டனை அழுத்தியதும் முதலில் ஓடுவது பிராசஸர் சிப்புக்குள்ளேயே தயாரிப்பின்போது பதித்த ஒரு சின்ன புரோகிராம். அதற்கு பூட் ராம் என்று பெயர். அதை யாராலும் அழித்து எழுத முடியாது. கம்பெனியின் பொதுச் சாவியின் அடையாளத்தைச் சிப்பில் உள்ள மிக நுண்ணிய ஃபியூஸ்களில் எரித்து வைத்திருப்பார்கள். பூட் ராம் அதை வைத்து பூட்லோடர் என்ற அடுத்த புரோகிராமின் கையெழுத்தைச் சரி பார்க்கும். பூட்லோடர் கெர்னலைச் சரி பார்க்கும். கெர்னல் சிஸ்டம் பகுதியைச் சரி பார்க்கும். எங்காவது கையெழுத்து ஒத்துவரவில்லையா? அங்கேயே நிற்க வேண்டியதுதான். இந்தச் சங்கிலிக்கு 'வெரிஃபைடு பூட்' என்று பெயர்.

கையெழுத்து என்றால் பேனாவால் போடுவது அல்ல. கம்பெனியிடம் ரகசியச் சாவி ஒன்று, போனுக்குள் அதன் ஜோடியான பொதுச் சாவி ஒன்று. ரகசியச் சாவியால் போட்ட முத்திரையைப் பொதுச் சாவியால் சோதிக்கலாம், போட முடியாது. ரகசியச் சாவி கம்பெனி ஆபீசை விட்டு வெளியே வராது. எனவே நாம் எவ்வளவு அருமையாக ஒரு சிஸ்டம் தயாரித்தாலும் அதற்கு முத்திரை கிடைக்காது.

இப்போது ஒரு சந்தேகம் வரும். கெர்னல் சின்னது, மொத்தமாகப் படித்துச் சோதித்துவிடலாம். சிஸ்டம் பகுதி ஜி.பி. கணக்கில் இருக்கிறதே, ஒவ்வொரு தடவை ஆன் செய்யும்போதும் முழுவதையும் படித்துச் சோதித்தால் காலைக் காபி ஆறிவிடாதா?

இங்கேதான் 'டி.எம்.-வெரிட்டி' வருகிறது. 2013-ல் வந்த 4.4 வெர்ஷனில் அறிமுகமாகி, 2016-ல் 7-ம் வெர்ஷனிலிருந்து கண்டிப்பாக்கப்பட்டது. கணக்கு மிக அழகானது, எனக்கு இதைப் புரிந்துகொண்ட அன்று தூக்கம் வரவில்லை. சிஸ்டம் பகுதி 1 ஜி.பி. என்று வைத்துக்கொள்வோம். அதை 4,096 பைட் கொண்ட துண்டுகளாக வெட்டினால் 2,62,144 துண்டுகள். ஒவ்வொரு துண்டுக்கும் எஸ்.எச்.ஏ.-256 முறையில் 32 பைட் நீளமுள்ள ஒரு கைரேகை எடுப்பார்கள். ஒரு துண்டுக்குள் 128 கைரேகைகள் அடங்கும். அப்படி அடுக்கினால் கைரேகைகளுக்கு மட்டும் 2,048 துண்டுகள். அந்தக் கைரேகைத் துண்டுகளுக்கும் கைரேகை எடுத்தால் 16 துண்டுகள். அவற்றுக்கும் எடுத்தால் ஒரே ஒரு துண்டு. அந்த ஒன்றின் கைரேகைதான் வேர். 1 ஜி.பி.யும் கடைசியில் 32 பைட்டில் வந்து உட்கார்ந்துவிட்டது! கம்பெனி முத்திரை குத்துவது இந்த 32 பைட்டுக்காகத்தான்.

போன் ஓடும்போது எந்தத் துண்டைப் படிக்கிறதோ, அந்தத் துண்டிலிருந்து வேர் வரைக்கும் உள்ள நாலு படியை மட்டும் சோதித்தால் போதும். ஒரே ஒரு பைட்டை மாற்றியிருந்தாலும் கணக்கு இடிக்கும். உடனே பிழை, அல்லது ரீஸ்டார்ட்.

நம் சிலபஸில் ரீட்-சாலமன் கோடு என்று ஒன்று வருகிறதே, "இதெல்லாம் எங்கே சார் வரப்போகுது" என்று கேட்டுவிட்டு விட்டுவிடுகிறோமே, அது இங்கே வருகிறது! 7-ம் வெர்ஷனில் பிழை திருத்தும் வசதியையும் டி.எம்.-வெரிட்டியில் சேர்த்தார்கள். சுமார் 0.8 சதவீதம் இடம்தான் கூடுதல். மெமரி சிப் பழசாகி நாலு துண்டு கெட்டுப்போனால், இந்தக் கோடை வைத்துச் சரியானதைத் திரும்பக் கணக்கிட்டுக் கொடுக்கும். இதில் ஒரு வேடிக்கை. மாமா மாதிரி நீங்கள் ஆசையாகச் சின்ன மாற்றம் ஒன்றைச் செய்து வைத்தால், அதையும் 'கெட்டுப்போன துண்டு' என்று நினைத்து, பழையதையே உங்கள் கையில் கொடுத்துவிடலாம். மாற்றியது மாற்றியபடி இருக்கும், ஆனால் படிக்கும்போது பழசு வரும். பேய் பிடித்த மாதிரி இருக்கும்!

2017-ல் 8-ம் வெர்ஷனோடு இந்த ஏற்பாடெல்லாம் ஏ.வி.பி. 2.0 என்ற பெயரில் ஒழுங்குக்கு வந்தது. வேர்க் கைரேகைகளையும் பூட் பகுதியின் கைரேகையையும் சேர்த்து 'வி.பி.மெட்டா' என்ற சின்னப் பகுதியில் வைத்து, அதன்மேல் முத்திரை. ஒரு வகையில் கோயில் சாவிக்கொத்து மாதிரி.

பூட்டு ஒன்றல்ல, இரண்டு

சரி, எப்படித் திறக்கிறார்கள்? முறையான வழி ஒன்று இருக்கிறது. செட்டிங்ஸில் பில்ட் நம்பரை ஏழு தடவை தட்டினால் டெவலப்பர் மெனு வரும். அதில் 'ஓ.ஈ.எம். அன்லாக்கிங்' என்று ஒரு சுவிட்ச். அதைப் போட்டுவிட்டு, போனை ஃபாஸ்ட்பூட் நிலையில் கம்ப்யூட்டரோடு இணைத்து அன்லாக் கட்டளை கொடுத்தால், திரையில் எச்சரிக்கை வரும். வால்யூம் பட்டனால் 'சரி' சொல்ல வேண்டும். 2010-ல் வந்த நெக்ஸஸ் ஒன் போனிலேயே கூகுள் இப்படி ஒரு கதவை வைத்தது. ஆனால் எல்லாக் கம்பெனியும் அப்படித் தாராளம் அல்ல. ஷியோமி அக்கவுண்ட் கட்டி நாள்கணக்கில் காத்திருக்கச் சொல்லும். 168 மணி நேரம் என்று காட்டியது பலருக்கும் ஞாபகம் இருக்கும். ஹுவாவே 2018-ல் அன்லாக் கோடு கொடுப்பதையே நிறுத்திவிட்டது. சாம்சங் போனில் திறந்து வேறு சாப்ட்வேர் ஏற்றினால், நாக்ஸ் என்ற பாதுகாப்புக்கான ஃபியூஸ் ஒன்று சிப்புக்குள்ளேயே எரிந்துபோகும். பிறகு எதை ஏற்றினாலும் எரிந்தது எரிந்ததுதான்.

திறந்தாகிவிட்டது. இனி என்ன வேண்டுமானாலும் செய்யலாம் என்று நம் பையன்கள் நினைக்கிறார்கள். தப்பு! இங்கேதான் பெரும்பாலோர் லோகோவில் நிற்கிறார்கள். பூட்லோடரைத் திறந்தால், "முத்திரை ஒத்துவராவிட்டாலும் போகட்டும், விட்டுவிடு" என்று பூட்லோடர் மட்டும்தான் இளகுகிறது. உள்ளே கெர்னலில் டி.எம்.-வெரிட்டி தன் வேலையைத் தொடர்ந்து பார்த்துக்கொண்டேதான் இருக்கும். அது பழைய வேர்க் கைரேகையைக் கையில் வைத்துக்கொண்டு புது சிஸ்டத்தை ஒப்பிடும். இடிக்கும். ரீஸ்டார்ட். மறுபடி இடிக்கும். மறுபடி ரீஸ்டார்ட். விடிய விடிய லோகோ.

அதனால்தான் இரண்டாவது பூட்டையும் தனியாக விலக்க வேண்டியிருக்கிறது. வி.பி.மெட்டாவின் தலைப்பகுதி 256 பைட். அதில் 120-ஆவது இடத்திலிருந்து நாலு பைட் 'கொடிகள்'. முதல் கொடி ஏற்றினால் டி.எம்.-வெரிட்டி ஓய்வு. இரண்டாவது கொடி ஏற்றினால் மற்றக் கைரேகைச் சோதனைகளும் ஓய்வு. இரண்டையும் ஏற்றினால் 123-ஆவது பைட்டில் 3 என்று இருக்கும். ஃபாஸ்ட்பூட்டில் வி.பி.மெட்டாவை ஏற்றும்போது 'டிசேபிள் வெரிட்டி', 'டிசேபிள் வெரிஃபிகேஷன்' என்று இரண்டு வால் சேர்க்கச் சொல்கிறார்களே, அது செய்வது இவ்வளவுதான். ஒரு பைட்!

அப்படியானால் திருடன்கூட அந்த ஒரு பைட்டை மாற்றிவிடலாமே என்று கேட்கலாம். முடியாது. அந்தப் பைட்டும் முத்திரைக்குள் அடக்கம். மாற்றினால் முத்திரை பொய்யாகும். பூட்டியிருக்கும் பூட்லோடர் அதை ஏற்காது. திறந்த பூட்லோடர்தான் ஏற்கும். ஆக, முதல் பூட்டைத் திறந்தவனுக்கே இரண்டாவது பூட்டு.

10-ம் வெர்ஷனுக்குப் பிறகு சிஸ்டம் பகுதியில் நேராக எழுதுவதே பல போன்களில் நடக்காத காரியம். படிக்க மட்டும் என்றே இறுக்கி அடுக்கிவிடுகிறார்கள். அதனால் இப்போது பலரும் தொடுவது பூட் பகுதியை மட்டும். ஜான் வூ என்ற தைவான்காரர் 2016-ல் வெளியிட்ட மேஜிஸ்க் இந்த வழிதான்: சிஸ்டத்தைத் தொடாமல், அதன்மேல் கண்ணாடித் தாள் வைத்து எழுதுகிற மாதிரி. மாமாவின் எழுத்துரு வைத்தியத்தை இன்று செய்வதானால் இப்படித்தான் செய்ய வேண்டும். நல்லவேளை, இன்று தமிழுக்கு அது தேவையில்லை.

தாத்தாவின் முகவீணை

இனி என் கதை. முதல் வருடம் படிக்கும்போது வாங்கிய போன் என்னுடையது. கம்பெனி பேர் வேண்டாம். இரண்டே வருடத்தில் அப்டேட் நிறுத்திவிட்டார்கள். மெமரி போதவில்லை, அழிக்க முடியாத விளம்பர ஆப்கள் வேறு. சுத்தமான ஆண்ட்ராய்டு போடலாம் என்று கிளம்பினேன்.

இந்த ஆசை புதிதல்ல. ஸ்டீவ் கோண்டிக் என்பவர் 2009-ல் தொடங்கிய சயனோஜென்மாட், கம்பெனிகள் கைவிட்ட எத்தனையோ போன்களுக்கு மறுபிறவி கொடுத்தது. அது பிறகு கம்பெனியாகி, நம் நாட்டில் யாருக்கு உரிமை என்று 2014 டிசம்பரில் மைக்ரோமேக்ஸும் ஒன்பிளஸும் டெல்லி ஐகோர்ட் வரை போனார்கள்! 2016 கடைசியில் கம்பெனி அதைக் கைவிட்டதும் உழைத்த பிள்ளைகளே லீனியேஜ் ஓ.எஸ். என்று வேறு பெயரில் எடுத்து நடத்தினார்கள். இன்றும் நடக்கிறது. உங்கள் பழைய போனைக் குப்பையில் போடாமல் இன்னும் மூன்று வருடம் ஓட்டலாம் என்றால், அதை நான் குற்றம் என்று சொல்ல மாட்டேன். காசு கொடுத்து வாங்கிய பொருள், நம்முடையது.

ஆனால் அன்லாக் கட்டளை கொடுத்தபோது திரையில் வந்த எச்சரிக்கையை நான் முழுதாகப் படிக்கவில்லை. 'எல்லாத் தகவலும் அழியும்' என்று அதில் இருந்தது. போட்டோக்கள் கூகுளில் இருக்கின்றன என்ற தைரியம். போட்டோக்கள் இருந்தன. தாத்தாவின் ரெக்கார்டிங் இல்லை.

எங்கள் தாத்தா செங்கம் பக்கம் கிராமத்தில் தெருக்கூத்து ஜமாவில் முகவீணை வாசித்தவர். கண் மங்கின பிறகு வீட்டுத் திண்ணையிலேயே இருப்பார். ஒருநாள் சாயங்காலம் என்ன தோன்றியதோ, கர்ணமோட்சத்துக்கு வாசிப்பதை நடுநடுவே விளக்கமும் சொல்லி வாசித்துக் காட்டினார். நாற்பது நிமிடம் போனில் பதிவு செய்தேன். அதற்கு ஐந்தாம் மாதம் அவர் காலமாகிவிட்டார். அந்தப் பதிவு போனின் ஒலிப்பதிவு ஆப்புக்குள் மட்டும் இருந்தது.

அன்று ராத்திரியே மாமா கடைக்கு ஓடினேன். "மாமா, ரெக்கவரி சாப்ட்வேர் போட்டு எடுத்துடலாம் இல்ல?" மாமா தலையை ஆட்டினார். "பழைய போன்னா எடுத்திருப்பேன் மாப்ள. இதுல சாவியே போயிடுச்சு."

அந்த விஷயத்தைப் புரிந்துகொள்ள எனக்கு ஒரு வாரம் ஆனது. இன்றைய போன்களில் நம் தகவல்கள் அனைத்தும் மறையாக்கம் செய்துதான் சேமிக்கப்படுகின்றன. அதற்கான சாவியைப் பிராசஸரின் பாதுகாப்பான தனி அறை காக்கிறது. போன் எந்த நிலையில் எழுந்திருக்கிறது, பூட்டியா, திறந்தா என்பதோடு அந்தச் சாவி பிணைந்திருக்கிறது. அன்லாக் செய்யும்போது தகவலை உட்கார்ந்து அழிப்பதைவிட முக்கியமாக, சாவியைத் தொலைத்துவிடுகிறது. மெமரி சிப்பில் தாத்தா வாசித்தது துண்டு துண்டாக மிச்சம் இருந்திருக்கலாம், ஆனால் அது வெறும் இரைச்சல்.

ஏன் இவ்வளவு கொடுமை? யோசித்துப் பாருங்கள். கிரிவலக் கூட்டத்தில் உங்கள் போனை ஒருவன் அடித்துவிட்டான். தகவல் அழியாமல் பூட்லோடரைத் திறக்க முடியும் என்றால், அவன் தன்னுடைய சாப்ட்வேரை ஏற்றி, ஸ்கிரீன் லாக்கை நிதானமாக உடைத்து, உங்கள் குடும்பப் படத்திலிருந்து பாங்க் மெசேஜ் வரை எடுத்துவிடுவான். அந்தத் திருடனுக்காக வைத்த விதியில் நான் மாட்டிக்கொண்டேன். விதி சரிதான். எனக்குத்தான் ஆறவில்லை.

கொஞ்ச வருடம் முன்பு வரை, மறையாக்கத்தையே வேண்டாம் என்று விலக்குகிற பழக்கமும் இருந்தது. எஃப்.எஸ்.டேப் என்ற கோப்பில் 'ஃபோர்ஸ்என்க்ரிப்ட்' என்று இருப்பதை 'என்க்ரிப்டபிள்' என்று மாற்றுவார்கள். வேகம் கூடும் என்று ஒரு நம்பிக்கை. இன்றைய பிராசஸர்களில் மறையாக்கத்துக்கு ஹார்ட்வேரே இருக்கிறது. வேகம் கூடாது, போனைத் தொலைத்த அன்று வயிற்றெரிச்சல்தான் கூடும். அதை மட்டும் செய்யாதீர்கள்.

கார்த்திகை ராத்திரி

புது சாப்ட்வேரில் போன் பறந்தது. ஆன் செய்யும்போது மட்டும் "இந்த போனின் பூட்டு திறந்திருக்கிறது" என்று ஆரஞ்சு நிற எச்சரிக்கை. ஆறு மாதம் கழித்து எனக்கு வேறு போன் கிடைத்ததும் இதை அப்பாவிடம் கொடுத்தேன். கிரிவலப் பாதையில் வாயு லிங்கத்துக்கும் குபேர லிங்கத்துக்கும் இடையில் அப்பாவுக்கு சுக்கு காபி தள்ளுவண்டி. பௌர்ணமிதான் அவருக்கு மாதச் சம்பளம். வண்டியில் கியூ.ஆர். அட்டை ஒட்டியிருக்கிறது, காசு வந்ததா என்று போனில்தான் பார்ப்பார்.

பணம் அனுப்பும் ஆப்கள் திறந்த போனில் ஓட மறுக்கும் என்று எனக்குத் தெரியும். அதை மறைக்க ஒரு மாட்யூல் போட்டு வைத்திருந்தேன். ஓடியது. அதில் ஒரு பெருமைகூட எனக்கு!

கார்த்திகை தீபத்தை ஒட்டி வந்த பௌர்ணமி. பதினாலு கிலோமீட்டரும் தலைகளாக இருந்தது. ராத்திரி ஒன்பது மணிக்கு ஒரு தெரிந்தவர் போனிலிருந்து அப்பா கூப்பிடுகிறார். "இன்னாப்பா இது, ஆப்பு தொறக்கவே மாட்டேங்குது. உன் போனு பாதுகாப்பா இல்லைன்னு இன்னமோ காட்டுது. ஜனம் பணம் போட்டேன் போட்டேன்னு காட்டிட்டுப் போறாங்க, வந்துச்சா வரலையான்னே தெரியல." அன்று மாலை அந்த ஆப் தானாகவே அப்டேட் ஆகியிருந்தது. என் மாட்யூல் பழையதாகிவிட்டது. பாங்க் எஸ்.எம்.எஸ்.ஸோ, அந்தக் கூட்டத்தில் மறுநாள் காலைதான் வந்து விழுந்தது.

நடந்தது இதுதான். கூகுளின் பிளே இன்டெக்ரிட்டி என்ற சோதனையை ஆப்கள் கேட்டு வாங்குகின்றன. முன்பு சேஃப்டிநெட் என்று இருந்தது. போன் பூட்டியிருக்கிறதா, சிஸ்டம் அசலா என்று இது சான்றிதழ் கொடுக்கும். முன்பெல்லாம் சாப்ட்வேர் சொல்லும் பதிலை நம்பினார்கள். ஆகவே சாப்ட்வேராலேயே பொய் சொல்ல வைக்கலாம். இப்போது சிப்பின் பாதுகாப்பு அறையிலிருந்தே முத்திரையோடு பதிலை வாங்குகிற பக்கம் போய்விட்டார்கள். அங்கே பொய் சொல்ல வைப்பது லேசில்லை. இன்று ஒருவன் வழி கண்டுபிடிப்பான், அடுத்த மாதம் அடைப்பார்கள். இந்தப் பூனை எலி ஆட்டத்தை என் போனில் நான் ஆடலாம். அப்பாவின் வண்டியில் வைத்து ஆடியிருக்கக் கூடாது.

விடிந்து கணக்குப் பார்த்ததில் அறுநூற்றுச் சில்லறை குறைந்தது. அப்பா ஒன்றும் சொல்லவில்லை. பால்காரருக்கு மட்டும் "நாளைக்குத் தரேன் அண்ணே" என்றார்.

திரும்பப் பூட்டலாம் என்று முடிவெடுத்தேன். இதிலும் ஒரு கண்ணி இருக்கிறது, கவனமாகப் படியுங்கள். மாற்றிய சாப்ட்வேர் உள்ளே இருக்கும்போதே பூட்லோடரைப் பூட்டினால், பூட்டிய மறு நிமிடமே அது முத்திரையைச் சோதிக்கும், கொடி ஏறிய வி.பி.மெட்டாவைப் பார்க்கும், சிவப்பு எச்சரிக்கையோடு நின்றுவிடும். அந்த நேரம் ஓ.ஈ.எம். அன்லாக்கிங் சுவிட்சும் அணைந்திருந்தால் மறுபடி திறக்கவும் வழியில்லை. செட்டிங்ஸுக்குள் போனால்தானே சுவிட்ச் போட! இப்படிப் பூட்டிச் செங்கல்லாக்கிய இரண்டு போன்களை என் ரூமில் பார்த்திருக்கிறேன். முதலில் கம்பெனியின் அசல் சாப்ட்வேரை, அதே மாடலுக்கு உள்ளதை, முழுதாக ஏற்ற வேண்டும். ஒருமுறை ஆன் செய்து ஒழுங்காக எழுகிறதா பார்க்க வேண்டும். அதன் பிறகே பூட்ட வேண்டும். பூட்டும்போதும் தகவல் எல்லாம் அழியும். இந்த முறை நான் எல்லாவற்றையும் எடுத்து வைத்துக்கொண்டேன்.

இன்னொன்று, அசல் சாப்ட்வேரே ஆனாலும் பழைய வெர்ஷனுக்கு இறங்காதீர்கள். ஓட்டை அடைத்த வெர்ஷனிலிருந்து ஓட்டையுள்ள வெர்ஷனுக்குத் திரும்பாதபடி ஓர் எண்ணைப் போன் நினைவில் வைத்திருக்கும். 2018-ல் நம் நாட்டில் நன்றாக விற்ற ரெட்மி நோட் 5 ப்ரோவில் இது வந்தபோது, தெரியாமல் பழையதை ஏற்றிய பலரின் போன்கள் அப்படியே செத்தன.

மாமா கடையில் நடந்த ஒன்றையும் சொல்ல வேண்டும். தீபம் முடிந்து நாலாம் நாள், நம்மைவிடச் சின்னப் பையன் ஒருவன் நல்ல விலையுள்ள போன் ஒன்றைக் கொண்டுவந்தான். ரீசெட் செய்திருந்தது, பழைய கூகுள் அக்கவுண்ட் கேட்டு நின்றது. 2015-ல் 5.1 வெர்ஷனோடு வந்த காவல் இது. "அண்ணே, இதைத் தொறந்து குடுங்க, ஆயிரம் ரூவா தரேன்." மாமா பில் கேட்டார். இல்லை. பெட்டி கேட்டார். அதுவும் இல்லை. "தம்பி, பில்லோட வா, காசே வாணாம், பண்ணித் தரேன்" என்று அனுப்பிவிட்டார். அவன் போன பிறகு என்னிடம், "உனக்குத் தெரிஞ்ச வித்தைக்கு இந்த மாதிரி ஆளுதான் முதல்ல தேடி வருவான், பாத்துக்கோ" என்றார்.

ஐ.எம்.இ.ஐ. எண்ணில் கை வைப்பது இன்னும் பெரிய விவகாரம். 2023 தொலைத்தொடர்புச் சட்டப்படி அடையாள எண்ணை மாற்றினால் 3 ஆண்டு வரை சிறை, 50 லட்சம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். உங்கள் போன் தொலைந்தால் போலீஸில் புகார் கொடுத்துவிட்டு, சஞ்சார் சாத்தி தளத்தில் அந்த எண்ணைப் பதிந்து நாடு முழுவதும் முடக்கலாம். 2023 மே மாதத்திலிருந்து எல்லா மாநிலத்துக்கும் இருக்கிறது. திரும்பக் கிடைத்தால் நாமே முடக்கத்தை எடுத்துவிடலாம்.

இப்போது அப்பாவின் போனில் ஆரஞ்சு எச்சரிக்கை இல்லை. விளம்பர ஆப்கள் திரும்ப வந்துவிட்டன, கொஞ்சம் மந்தமாக ஓடுகிறது. சுக்கு காபிக்குப் பணம் வந்தால் சரியாகக் காட்டுகிறது. என் ஆராய்ச்சிக்கென்று மாமா கடையில் மூலையில் கிடந்த, கண்ணாடி விரிந்த போன் ஒன்றை வாங்கி வைத்திருக்கிறேன். அதில் சிம் இல்லை, அக்கவுண்ட் இல்லை, ஒரு போட்டோகூட இல்லை. வி.பி.மெட்டாவைத் திறந்து அந்த 123-ஆவது பைட்டை நேரில் பார்க்க விரும்புகிறவர்கள் டேட்டா கேபிளோடு வரலாம். சார்ஜ் மட்டும் ஏறுகிற கேபிளைக் கொண்டுவந்து "கம்ப்யூட்டர் போனையே காட்டலடா" என்று ராத்திரி முழுக்க உயிரை எடுக்காதீர்கள்.

தாத்தாவின் ஜமாவில் மத்தளம் அடித்த பெரியவர் ஒருவர் இன்னும் ஊரில் இருக்கிறார். அதே கர்ணமோட்சம் அவருக்கும் முழுப் பாடம். பங்குனியில் கூத்து வைக்கிறார்கள். இரண்டு போன் எடுத்துப் போகிறேன்.